அடுக்குமா?

1

இந்தக் கதை ஒரு வினைச்சொல்லிலிருந்து பிறந்தது. பெரிய எழுத்தாளர்களுக்குக் கதைகள் கனவிலிருந்தும் போரிலிருந்தும் கடற்கரையிலிருந்தும் பிறக்கின்றனவாம். எனக்கு எங்கள் சமையலறையிலிருந்து, கறி வேகும் வாசனையோடு பிறந்தது. வாய்த்தது அவ்வளவுதான்.

நேற்று சாயங்காலம் அண்ணி குடும்பத்துக்கே ஓர் அடுக்குப் பண்டம் செய்தாள். உருளைக்கிழங்கு வில்லை ஓர் அடுக்கு, கொத்துக்கறி ஓர் அடுக்கு, வெண்ணெயில் மைதாவை வதக்கிப் பால் ஊற்றிக் காய்ச்சிய வெள்ளைக் குழம்பு ஓர் அடுக்கு, மறுபடியும் கிழங்கு, அதன்மேல் துருவிய சீஸ். ஓவனில் வைத்து மேல்புறம் சிவக்கும்வரை சுட வேண்டும். பண்டம் வெந்து ஆறுவதற்குள் எங்கள் குடும்பம் இரண்டாகப் பிரிந்திருந்தது. செய்முறையில் அப்படி எதுவும் சொல்லப்படவில்லை.

[முதல் வாக்கியத்துக்கு வேறு வரைவும் இருந்தது. "மாலை வெயில் ஜன்னல் வழியாக வந்து பாத்திரங்களின்மேல்" என்று போனது. எங்கள் சமையலறை ஜன்னலைத் திறந்தால் பக்கத்து வீட்டுச் சுவர். வெயில் வர வேண்டுமென்றால் அவர்கள் வீட்டை இடிக்க வேண்டும். அடித்துவிட்டேன்.]

2

எங்கள் வீட்டில் யாரும் யாரிடமும் நேராகப் பேசுவதில்லை. சண்டை ஒன்றும் கிடையாது; பழக்கம் அப்படி. அப்பாமேல் கோபம் என்றால் அம்மா அதைக் குக்கரிடம் சொல்வாள். "உனக்கென்ன ராசா, நீ விசில் அடிச்சா ஓடி வர நான் ஒருத்தி இருக்கேன்." கூடத்தில் உட்கார்ந்திருக்கும் அப்பா நிமிர்ந்து மின்விசிறியிடம் சொல்வார்: "நாள் முழுக்கச் சுத்தினாலும் உன்னை யாரு பாக்கறா?" அப்பா லிஃப்ட் பழுது பார்ப்பவர். இரண்டு மாடிகளுக்கு நடுவே மாட்டிக்கொண்டவர்களிடம் மூடிய கதவு வழியாகப் பேசிப் பழகியவர். வீட்டுக்கு வந்தும் அதே வேலை.

இதற்குச் சாடை என்று பெயர். எங்கள் வீட்டில் யாராவது "மழை வரும்போல இருக்கு" என்றால் யாரும் வானத்தைப் பார்ப்பதில்லை. யாரைச் சொல்கிறார்கள் என்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்போம்.

இந்த வீட்டுக்குத்தான் போன கோடையில் அண்ணி வந்தாள். கண்ணாடிக் கடையில் வேலை. வருகிறவர்களின் மூக்கில் சோதனைக் கண்ணாடியை மாட்டி, "இது தெளிவா? இல்ல இதுவா?" என்று கேட்பது அவள் தொழில். கேட்டதற்குப் பதில் வரும்வரை காத்திருப்பதும் அதே தொழிலில் சேர்த்தி. அவள் "மழை வரும்" என்றால் மழை வரும் என்று பொருள். ஓடிப்போய்க் கொடியிலிருக்கும் துணியை எடுப்பாள். அதற்குள் அம்மா முகம் வாடி உள்ளே போயிருப்பாள்.

நான் படிப்பைப் பாதியில் நிறுத்திவிட்டு வீட்டோடு இருப்பவள். அதிகம் பேச வராது. அதனால் அண்ணன் எனக்கு 'ஸ்பீக்கர்' என்று பெயர் வைத்திருக்கிறான். அவனுடைய நகைச்சுவை உணர்வு தெருவுக்கே தெரியும். சரக்கு வேன் ஓட்டுகிறான், சிரிப்பது பெரும்பாலும் வேன்தான். பீரோவுக்கு முன்னால் பேசுவதுபோல எல்லோரும் என் முன்னால் பேசுவார்கள். ஏதாவது கேட்டால் என் பதிலையும் அவர்களே சொல்லிக்கொள்வார்கள்.

அண்ணி வந்த புதிதில் என்னிடம் "டீயா, காப்பியா?" என்றாள். நான் வழக்கம்போல நின்றேன். "அவளுக்கு எதுன்னாலும்…" என்று அம்மா ஆரம்பித்தாள். "அவளே சொல்லட்டும் அத்தை" என்று அண்ணி என்னைப் பார்த்தபடி நின்றாள். பால் பொங்கி அடுப்பெல்லாம் வழிந்தது. அப்போதும் நின்றாள். "காப்பி" என்றேன்.

அவள் இந்த வீட்டைவிட்டுப் போகக் கூடாது. கதையின் கரு இதுதான். நல்ல கதைகளில் இதை ஒளித்துவைத்துத் தேடவிடுவார்கள். எனக்கு அவ்வளவு சாமர்த்தியம் போதாது; நேரமும் இல்லை.

3

சமையலறை. அம்மா, அண்ணி, ஓரத்தில் வெங்காயம் உரித்துக்கொண்டு நான்.

கிழங்கு ஒரு பாத்திரத்தில், கறி ஒரு பாத்திரத்தில், குழம்பு ஒரு பாத்திரத்தில் இருப்பதை அம்மா பார்த்தாள்.

"எதுக்கு இத்தனை பாத்திரம்? எல்லாத்தையும் ஒண்ணாப் போட்டுக் கிளறினா வேலை முடிஞ்சது."

"ஐயோ, கிளறவே கூடாது அத்தை. ஒண்ணாக் கிடந்தா எல்லாம் குழைஞ்சுடும். தனித்தனியா இருந்தாதான் ருசி."

அம்மாவின் கரண்டி அந்தரத்தில் நின்றது.

"யாரு சொன்னா இப்படி?"

"எங்கம்மா."

(உண்மையான பதில். இதைவிட மோசமான பதிலை எனக்குக் கற்பனை செய்யத் தெரியவில்லை. முயன்று பார்த்தேன்.)

"ஓஹோ" என்றாள் அம்மா, உப்பு ஜாடியைப் பார்த்து. "அப்ப அங்கேயே முடிவாயிடுச்சு."

"எங்க முடிவாச்சு? இன்னும் உப்பே பாக்கல" என்று அண்ணி கறியில் ஒரு துளி எடுத்து நாக்கில் வைத்துப் பார்த்தாள்.

அம்மா ஃப்ரிட்ஜிலிருந்து வெண்ணெய் எடுத்து நீட்டினாள். அண்ணி முகர்ந்து பார்த்துத் திருப்பிக் கொடுத்தாள். "பழசு வேண்டாம் அத்தை. வாடை வருது."

அடுப்பில் பால் நுரைத்தது. "தீயைக் குறைங்க அத்தை, கொதிச்சா பிரிஞ்சுடும்."

"நானா கொதிக்கறேன்?"

"இல்ல, பால்."

அம்மா கரண்டியை வைத்துவிட்டு நிமிர்ந்து கூரையிடம் கேட்டாள்: "இதெல்லாம் அடுக்குமா?"

தமிழ் தெரிந்த யாருக்கும் இதன் பொருள் தெரியும். இது நியாயமா, செய்தவர்களை இது சும்மா விடுமா என்று பொருள். அண்ணி பீங்கான் தட்டில் விரலை விட்டு ஆழம் பார்த்தாள்.

"தாராளமா அடுக்கலாம் அத்தை. நாலு அடுக்கு வரும்."

இந்த வீட்டில் சாடை, நேர்ப்பேச்சு என்ற இரண்டு மொழியும் தெரிந்தவள் நான் ஒருத்திதான். "அம்மா, அவங்க கிழங்கைச் சொல்றாங்க" என்று ஒரு வரி போதும். அந்த வரி தொண்டைவரை வந்தது. வந்து, அங்கே ஆள் இருப்பதைப் பார்த்துத் திரும்பிவிட்டது. நான் வெங்காயத்தை மிக நேர்த்தியாக உரித்தேன்.

4

இந்தப் பகுதி அண்ணியைச் சந்தேகிப்பதற்காக.

ஒருத்தி இவ்வளவு நேராக இருக்க முடியுமா? கதாபாத்திரம் என்று பார்த்தால் நம்பும்படி இல்லை. ஒருவேளை எல்லாம் புரிந்துகொண்டே புரியாததுபோல் இருந்தாளோ என்று எழுதிப் பார்த்தேன். "அண்ணியின் உதட்டோரம் ஒரு மெல்லிய" என்று தொடங்கிய வாக்கியம் அங்கேயே நிற்கிறது. அவள் உதட்டோரம் இருந்தது கொத்துக்கறி. நான் பார்த்தேன். சந்தேகத்தை வாபஸ் வாங்குகிறேன்.

5

சாப்பாட்டுக்குச் சித்தியும் வந்திருந்தாள். அம்மாவின் தங்கை, வாடகைக்கு வீடு பிடித்துக் கொடுக்கும் தரகர். அவள் முன்னால் யாராவது தும்மினால், "காத்தோட்டமா ஒரு வீடு இருக்கு, பாக்கறீங்களா?" என்பாள். இந்தக் கதைக்கு வேண்டுமென்றே அப்படிப்பட்ட ஒருத்தியை நான் கொண்டுவந்து உட்காரவைத்ததாக நீங்கள் நினைக்கலாம். இல்லை. அவளை யாரும் கொண்டுவர முடியாது. அவளே வருவாள்.

அண்ணி தட்டை மேசை நடுவில் வைத்தாள். சீஸ் ஓரங்களில் கொப்பளித்துக்கொண்டிருந்தது. அண்ணன் கரண்டியைத் தூக்கினான். அவள் அவன் கையைத் தட்டிவிட்டாள்.

"கொஞ்சம் ஆறட்டும். சூட்டுல வெட்டினா அடுக்கு சரிஞ்சுடும்."

ஆக, பசியோடு இருக்கும் ஒரு குடும்பம், தொடக் கூடாத ஒரு பண்டத்தைச் சுற்றி, பேசுவதைத் தவிர வேறு வேலையில்லாமல் உட்கார்ந்தது. எந்த எதிரியும் எங்களுக்கு இப்படித் திட்டம் போட்டிருக்க மாட்டான்.

அம்மா தண்ணீர்க் கூஜாவிடம் சொன்னாள்: "ஆறட்டுமாம். வயிறு எரியறவங்களுக்கு எப்ப ஆறும்? போறவங்க போய்க்கிட்டே இருப்பாங்க."

"யாரு போறா அக்கா?" என்றாள் சித்தி. தொழில்முறை ஆர்வம்.

"தனித்தனியா இருந்தாதான் ருசியாம். ஒண்ணாக் கிடந்தா குழைஞ்சுடுமாம். அவங்கம்மா சொல்லிக் குடுத்து அனுப்பியிருக்காங்க."

அண்ணன் அண்ணியைப் பார்த்தான். "எங்கிட்டச் சொல்லவே இல்லையே நீ?"

அவள் கணவன் அவன். அவனுக்கே தகவல் இப்படித்தான் கிடைக்கும்.

"எங்க போறது? நான் கிழங்கைச் சொன்னேன் அத்தை!"

அண்ணி ஏறக்குறையக் கத்தினாள். உண்மை தெள்ளத்தெளிவாக மேசைமேல் வந்து விழுந்தது. அம்மா அதை எடுத்துத் திருப்பிப் பார்த்தாள்.

"கிழங்கு எதுக்கு? கிழம்னு நேராவே சொல்லிடும்மா."

அப்பா சமாதானம் செய்ய முன்வந்தார். இப்படி அவர் முன்வருவது அபூர்வம். ஏன் அபூர்வம் என்பதும் உடனே தெரிந்தது. "விடு, போகட்டும். லிஃப்டுலகூட இத்தனை பேர்தான்னு எழுதிப் போட்டிருக்கு. மேல ஏத்தினா கயிறு தாங்காது."

"பாத்தியா" என்றாள் அம்மா கூஜாவிடம். "அவரும் கூட்டு."

அதற்குள் சித்தியின் போன் மேசைமேல் வந்திருந்தது. "ரெண்டு ரூம், மேல்மாடி. ஓனர் தொந்தரவு இல்ல. பையன் வேன் நிறுத்த இடம் இருக்கு. நம்ம பொண்ணு கடைக்கு நடந்தே போயிடலாம்." ஒவ்வொரு படமாக விரலால் தள்ளினாள்.

அண்ணன் எட்டிப் பார்த்தான். முதலில் மரியாதைக்குத்தான். பிறகு தலையைச் சாய்த்துப் பார்த்தான். பிறகு போனைக் கையில் வாங்கினான்.

அண்ணியும் பார்த்தாள்.

"ஜன்னல் பெருசா இருக்கே" என்றாள்.

அதுவரை இல்லாத ஒரு வீடு அந்த நிமிடம் உண்டாயிற்று. வேறு யாராவது இதைச் சொல்லியிருந்தால் அதில் குத்தல் தேடியிருப்பேன். தேடி, கண்டுபிடித்து, நிம்மதியாக இருந்திருப்பேன். சொன்னது அண்ணி. ஜன்னல் பெரிதாக இருக்கிறது என்றால் பெரிதாக இருக்கிறது.

"நாளைக்குச் சாயங்காலம் பாத்துடலாம்" என்றாள் சித்தி.

பிறகு வெட்டினார்கள். நான்கு அடுக்கும் சரியாமல் தனித்தனியாக நின்றன. யாரும் நன்றாக இருக்கிறது என்று சொல்லவில்லை. யாரும் மிச்சமும் வைக்கவில்லை. அம்மா மூன்றாம் முறை போட்டுக்கொண்டு கரண்டியிடம் "பரவால்ல" என்றாள். சித்தி ஒரு டப்பாவில் எடுத்துப்போனாள்.

6

மாற்று முடிவுகள். எழுத ஆரம்பித்தவர்களுக்கு இது ஒரு வசதி. சமைக்க ஆரம்பித்தவர்களுக்குக் கிடையாது.

ஒன்றில் ஓவனைக் கருகவிட்டேன். புகையில் எல்லோரும் இருமி, கட்டிப்பிடித்து, ஓட்டலில் சாப்பிட்டுத் திரும்பினார்கள். அழகான முடிவு. எங்கள் வீட்டு ஆட்களை அதில் போட்டதும் அம்மா புகையிடம், "வந்துட்டியா, நீதான் பாக்கி" என்றாள். புகை கலைந்தது.

இன்னொன்றில் அந்த மாடி வீட்டு ஓனர், அசைவம் சமைப்பவர்களுக்குக் கொடுப்பதில்லை என்றுவிட்டார். சித்தி கவலைப்படவில்லை. அவள் போனில் இன்னும் படங்கள் இருந்தன.

மற்றொன்றில் ஸ்பீக்கர் நாற்காலியைத் தள்ளி எழுந்து, கணீரென்ற குரலில், உணர்ச்சி பொங்க

இல்லை. நம்ப மாட்டீர்கள். நானே பாதியில் எழுந்து போய்விட்டேன்.

7

இப்போது மத்தியானம். அண்ணி கடைக்குப் போயிருக்கிறாள். காலையில் செருப்பு மாட்டும்போது, "குட்டி, நீயும் வாயேன் சாயங்காலம். வீட்டைப் பாத்துட்டு எப்படி இருக்குன்னு சொல்லு" என்றாள். கேட்டுவிட்டு நின்றாள். நான் தலையாட்டினேன். தலையாட்டலை அவள் பதிலாக எடுத்துக்கொள்வதில்லை என்றாலும், பஸ்ஸுக்கு நேரமாகியிருந்தது.

ஆகவே சொல்ல வேண்டிய வரியைத் தயார் செய்கிறேன்.

"அந்தத் தெருவுல தண்ணி கஷ்டமாம்." இது சாடை.

"மாடி ஏறினா உங்களுக்கு மூச்சு வாங்கும்." இதுவும் சாடை, கூடவே பொய். மூச்சு வாங்குவது எனக்கு.

"இங்க யாரு இனிமே சீஸ் துருவப் போறா?" சாடை. கொஞ்சம் பிச்சையும் கலந்திருக்கிறது.

ஒரு வரிகூட நேராக வரவில்லை. எப்படி வரும்? அம்மா குக்கரிடம் பேசுகிறாள் என்று இரண்டாம் பகுதியில் உங்களிடம் சிரித்துக் காட்டினேன். நான் காகிதத்திடம் பேசிக்கொண்டிருக்கிறேன். குக்கராவது நடுவில் விசில் அடிக்கும். ஓவன், கிழங்கு, சித்தி, ஜன்னல் என்று இத்தனை அடுக்கு அடுக்கியது, ஒருத்தியிடம் நேராகச் சொல்ல வேண்டிய ஒன்றை உங்களிடம் சாடையாகச் சொல்வதற்குத்தான். உங்களை எனக்குத் தெரியக்கூடத் தெரியாது. மன்னிக்கவும், நீங்கள்தான் இந்தக் கதையின் தண்ணீர்க் கூஜா.

சரி. அந்த வரி இதோ:

போகாதீங்க அண்ணி.

எழுதிப் பார்த்தால் சின்னதாகத்தான் இருக்கிறது. அடிக்கவில்லை.

அவள் என்ன சொல்வாள் என்று எனக்குத் தெரியாது. "சரி, போகல" என்று சொல்லலாம். "எனக்கு அந்த ஜன்னல் பிடிச்சிருக்கு குட்டி" என்றும் சொல்லலாம். எதைச் சொன்னாலும் அதையேதான் சொல்வாள். அதன் அடியில் வேறெதுவும் இருக்காது.

இனி நீங்கள் முடிவைக் கேட்பீர்கள். என்னால் எழுத முடியும். அந்த வீட்டின் வெறும் கூடத்தில் எங்கள் குரல் எதிரொலிப்பது, அண்ணி திரும்பிப் பார்ப்பது, எல்லாம் கைவசம் இருக்கிறது. ஆனால் அதை இங்கே நன்றாக எழுதிவிட்டால் சொல்லிவிட்ட திருப்தி எனக்கு வந்துவிடும். பிறகு அங்கே போய், "ஆமாம் அண்ணி, பெரிய ஜன்னல்" என்று தலையாட்டிவிட்டு வருவேன். என்னை எனக்குத் தெரியும். அதனால் இந்தக் கதைக்கு முடிவு கிடையாது. வேண்டுமென்றால் நீங்கள் ஒன்றைப் போட்டுக்கொள்ளுங்கள். தாராளமாகப் போடுங்கள், நான் படிக்கப் போவதில்லை.

எழுதியதில் சாயங்காலமாகிவிட்டது. வாசலில் செருப்புச் சத்தம். "குட்டி, கிளம்பலாமா?" என்கிறாள். கேட்டுவிட்டு நிற்கிறாள்.

பேனாவை மூடுகிறேன். எழுதுவதற்கும் சொல்வதற்கும் எனக்கு வாய் ஒன்றுதான் இருக்கிற…