பன்னிரண்டு தலை குறைவாக

இடது கன்னத்தை வழித்து முடித்து, கத்தியைக் கிண்ணத்துத் தண்ணீரில் அலசினாள். கணவர் கண்ணைத் திறக்காமலே, "காதுகிட்ட விட்டுட்ட" என்றார்.

"பாக்காமலே குறை சொல்லுங்க."

"பாக்கணுமா? கத்தி போற சத்தமே சொல்லுது."

அதைச் சொல்லி முடிப்பதற்குள் அவருக்கு மூச்சு வாங்கியது. இன்றைக்குத் தாண்டாது என்று காலையில் வந்த நர்ஸ் சமையலறைப் பக்கம் அழைத்துச் சொல்லிவிட்டுப் போயிருந்தாள். மகள் ரயிலில் வந்துகொண்டிருந்தாள். தாடியோடு போகமாட்டேன் என்று அவர் பிடிவாதம் பிடித்ததால், ஊரார் முகத்தையெல்லாம் வழித்தவரின் முகம் முதன்முறையாக அவள் கைக்கு வந்திருந்தது.

கீழே அவருடைய முடிதிருத்தும் கடை, மேலே வீடு. பள்ளிக்கூடத்திலிருந்து வந்து விடைத்தாள் திருத்த உட்கார்ந்தால், தரை வழியாகக் கத்தரிக்கோல் சத்தமும் சிரிப்பும் ஏறி வரும். அவர் மேலே வரும்போது பேச்செல்லாம் கீழேயே தீர்ந்திருக்கும். சாப்பிட்டதும் தூங்கிவிடுவார்.

ஒருநாள் அவருக்குக் கணக்குப் போட்டுக் காட்டினாள். கூலி அறுபது, நாளைக்கு இருபத்து நான்கு தலை. ஐந்து ஏற்றினால் ஒரு தலை குறைகிறது. இரண்டு முறை ஏற்றிப் பார்த்துவிட்டு அவரே சொன்னது. எக்ஸ் முறை ஏற்றினால் கூலி அறுபது கூட்டல் ஐந்து எக்ஸ், தலை இருபத்து நான்கு கழித்தல் எக்ஸ். இரண்டையும் பெருக்கினால் வரும்படி. அது இப்போதுள்ள ஆயிரத்து நானூற்று நாற்பதாகவே இருக்க, எக்ஸுக்கு இரண்டு விடை. ஒன்று பூச்சியம், இன்னொன்று பன்னிரண்டு.

"நூத்தி இருபது வாங்குங்க. பன்னிரண்டு பேர் வந்தாப் போதும், அதே காசு. மத்தியானமே பூட்டிட்டு மேல வந்துடலாம்."

அவர் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார். "நின்னுபோற பன்னிரண்டுல வாட்ச்மேன் இருப்பாரு, லாண்டரிக்காரர் இருப்பாரு. எக்ஸ் பன்னிரண்டுன்னு அவங்ககிட்ட நீ சொல்றியா டீச்சர்?"

"மாடியிலயும் ஒரு தலை காத்துட்டு இருக்கு. அதை எதுல சேர்த்தீங்க?"

அவர் சிரித்தார். கூலி அறுபதிலேயே நின்றது.

பின்னொரு நாள் அந்தத் தாளைப் பார்த்த மகள், "எக்ஸ் ஆறு வச்சாத்தானேம்மா வரும்படி உச்சம்? நீ ஏன் பன்னிரண்டுக்குப் போன?" என்று கேட்டாள். அம்மாவுக்கு உச்சம் வேண்டியிருக்கவில்லை. அதை மகளிடம் எப்படிச் சொல்வது?

இன்றும் காலையிலிருந்து படியில் செருப்புச் சத்தம் ஓயவில்லை. வாட்ச்மேன் வந்தார், கண்டக்டர் வந்தார். இருந்த கொஞ்ச மூச்சையும் அவர் ஆளுக்கு இரண்டு வார்த்தையாகப் பங்கு வைத்தார். கடைசியில் அவள் கதவைத் தாழிட்டுவிட்டுத்தான் கத்தியை எடுத்திருந்தாள்.

வலது கன்னத்தில் நுரை தடவினாள்.

"டீச்சர்."

"ம்."

"நாளையிலேர்ந்து நூத்தி இருபது."

"இப்பச் சொல்லுங்க."

"மத்தியானமே மேல வந்திருந்தா... என்ன பண்ணியிருப்போம்?"

அவர் படியேறி வருகிற இடத்தோடு அவள் கணக்கு எப்போதும் நின்றுவிடும். அதற்குமேல் அவள் யோசித்ததில்லை.

"சும்மா இருந்திருப்போம்."

"நல்லாத்தான் இருந்திருக்கும்."

காலிங்பெல் அடித்தது. யார் என்று பாரேன் என அவர் சொல்வதற்காகக் காத்திருந்தாள். சொல்லவில்லை. அவர் மூக்கருகே விரலை வைத்தாள். வைத்தபடியே இருந்தாள். காற்று படவில்லை.

"அக்கா, லாண்டரிக்காரன் வந்திருக்கேன். அண்ணனை ஒருதரம் பாத்துட்டுப் போயிடறேன்."

அவள் எழுந்திருக்கவில்லை. மறுபடி ஒருமுறை பெல் அடித்தது. பிறகு செருப்புச் சத்தம் படியிறங்கிப் போயிற்று.

வலது கன்னத்தில் நுரை காயத் தொடங்கியிருந்தது. பிரஷ்ஷை வெந்நீரில் முக்கியெடுத்து, காதோரத்திலிருந்து மெதுவாக மறுபடி தடவினாள்.