பூட்டாத கார்

அன்று அந்த வீட்டில் இருந்தவர்கள் பெரியவர், அவருடைய மருமகள், மூன்று வயதுப் பேத்தி, ஜன்னலுக்கு வர்ணம் அடிக்க வந்த பெயிண்டர். மதிலுக்கு மேல் எந்நேரமும் தலை நீட்டும் பக்கத்து வீட்டுத் தையல்காரம்மாவையும் சேர்த்துக்கொள்ளலாம்.

பேத்தியைக் காணோம் என்றதும் பெரியவரின் கண் நேராகப் பெயிண்டர் மேல் போயிற்று. வெளியாள் அவன் ஒருவன்தான். காலையில் குழந்தையிடம் பிரஷ்ஷை ஆட்டிச் சிரித்துக்கொண்டிருந்தான். காரணமில்லாமல் சிரிப்பவனை அவர் நம்பியதே இல்லை.

"கேட்டைத் திறந்தியா?"

"ஏணியை விட்டே இறங்கலீங்க ஐயா."

"அப்ப பாப்பா காத்துல கரைஞ்சிட்டாளா? கழுத்துல சங்கிலி வேற கிடந்துது."

"பாப்பா!" என்று அலறிக்கொண்டு மருமகள் வாசலுக்கு ஓடினாள்.

"கத்தாதேம்மா. ஊரே கூடிடும். நம்ம வீட்டு விஷயம் வெளிய போகக் கூடாது."

கேட்டைப் பூட்டிச் சாவியை மடியில் செருகிக்கொண்டு, பெயிண்டரின் பையைக் கொட்டச் சொன்னார். டப்பாக்களும் ஒரு பழைய சட்டையும் விழுந்தன.

"டப்பாவையும் திறந்து காட்டட்டுங்களா?" என்றான் அவன். அந்தத் துடுக்கும் அவருக்குச் சந்தேகத்தைத்தான் கூட்டியது.

"மாமா, நீங்க தேடறது குழந்தையையா, திருடனையா?" மருமகளின் குரல் உடைந்தது. "கேட்டைத் திறங்க. நான் கார்ல போய்த் தேடறேன்."

கார் முற்றத்து வெயிலில் நின்றது. அப்படியொன்றும் கடும் வெயில் இல்லை. இதமான காற்றுகூட வீசியது. ஆனால் அவள் கதவைத் திறந்ததும் அடுப்பைத் திறந்தது போல் அனல் முகத்தில் அறைந்தது. முன் இருக்கைக்குப் பின்னால், தரையில், முகம் சிவந்து துவண்டு கிடந்தாள் குழந்தை. பின்கதவில் சைல்ட் லாக் போட்டிருந்தது. வெளியிலிருந்து திறந்து ஏறிவிடலாம். உள்ளிருந்து திறக்க வராது.

பெயிண்டர் தன் பழைய சட்டையைத் தண்ணீரில் நனைத்துக் குழந்தையின் உடம்பில் போர்த்தினான். ஆஸ்பத்திரி வரை விசிறிக்கொண்டே வந்தான்.

"வெளிய எவ்வளவு குளுமையா இருந்தாலும், மூடின காருக்குள்ள சூடு சட்டுனு ஏறிடும்," என்றார் டாக்டர். "இன்னும் கொஞ்சம் தாமதிச்சிருந்தா என் கையில ஒண்ணும் இருந்திருக்காது."

குழந்தை பிழைத்து வீடு திரும்பியபோது தெருவில் பேச்சு முளைத்திருந்தது. தையல்காரம்மா மதிலருகே யாரிடமோ சொல்லிக்கொண்டிருந்தாள்: "மருமக போன் பேசிக்கிட்டே குழந்தையைக் கார்ல மறந்துட்டாளாம்."

பெரியவர் மதிலருகே போய் நின்றார்.

"அது பொய். மருமக மறக்கலை. பாப்பா தானா ஏறினா. என் வாசல்ல யார் கை வைப்பான்னு காரைப் பூட்டாம விட்டவன் நான். தேட விடாம கேட்டைப் பூட்டினவனும் நான்."