குதிக்காத ஆட்டம்

பீங்கான் சூளைக்குள்ள மேல் வரிசையில, இன்னும் சுடாத பச்சைக் கப்புப் பெட்டிய ஏத்தணும்னா எல்லாரும் ஸ்டூலு தேடுவாங்க. ஸ்தனிஸ்லாஸுக்கு வேண்டாம், அம்மாம் ஒசரம். நான் கீழேருந்து எடுத்துக் குடுப்பேன், அவரு சத்தமில்லாம வெப்பாரு. சாயங்காலம் மாதா கோயில் மைதானத்துல கூடைப்பந்தும் அப்படித்தான். எறிய மாட்டாரு. எகிறிக் குதிச்சி கூடைக்குள்ள வெச்சிட்டு வருவாரு.

அறுபத்தேழுல மெட்ராஸ் மில்லு ஒண்ணு, டீமுல கூடைக்கடியில நிக்கிற சென்டரா ஆடறதுக்குன்னே அவருக்கு வேலை குடுத்துச்சி. கெளம்புற அன்னிக்கி சூளை வாசல்ல நின்னு சொன்னாரு:

"என் குதிதான் அவங்களுக்கு வேணும் பாஞ்சால. முட்டி போயிட்டா அனுப்பிடுவாங்க. நேரா உங்க அண்ணன்கிட்ட வந்து பேசறேன்."

"ஒட்டகத்துக்கு எவ காத்திருப்பா?"

சிரிச்சிக்கிட்டே போனாரு. நான் காத்திருந்தேன்.

கொளஞ்சியப்பர் கோயில்ல வேண்டுதல பிராதா சீட்டுல எழுதிக் கட்டினா நடக்கும்பாங்க. ராத்திரி ஸ்கூல்ல எழுத்து கத்துக்கிட்டதும் சீட்டும் பென்சிலுமா போயி உக்காந்தேன். அவரு முட்டி நோகணும்னு எழுத மனசு வரல. நோகக்கூடாதுன்னு எழுதவும் கை வரல. 'அவரு வரணும்'னு மட்டும் எழுதிக் கட்டிட்டு வந்தேன்.

எழுபத்தஞ்சுல அந்த டீமு நெய்வேலிக்கு ஆட வந்துச்சி. மாதா கோயில் மைதானத்துல அவரோட ஆடின ஜெயராஜு என்னைக் கூட்டிக்கிட்டுப் போனான்.

"அக்கா, அண்ணன் முட்டியில கட்டு பாரு. குதிக்கவே மாட்டேங்கறாரு."

எனக்கு வயித்துல பால் வார்த்தாப்புல இருந்துச்சி. பாவம்தான், ஆனா இருந்துச்சி.

கொஞ்ச நேரத்துல அவரு கூடைக்கடிய விட்டு வெளிய வந்தாரு. தூரத்துல நின்னுக்கிட்டே வீசினாரு, விழுந்துச்சி. ரெண்டு பேரு மறிச்சா, பாக்காமலே மூணாவது ஆளுக்குத் தள்ளிவுட்டாரு. பந்தத் தட்டிக்கிட்டு அவரே முன்னால போனாரு. ஜனம் கத்துச்சி.

"எங்க நிறுத்தினாலும் ஆடுறாருக்கா!" ஜெயராஜு எழுந்து விசிலடிச்சான். நான் மடியில கைய வெச்சிக்கிட்டு உக்காந்திருந்தேன்.

ஆட்டம் முடிஞ்சதும் நொண்டிக்கிட்டே கிட்ட வந்தாரு.

"பாஞ்சால! நீயா?"

"முட்டி போயிடுச்சாமே?"

"ரெண்டு வருஷமாச்சி. குதிக்காம ஆடப் பழகிட்டேன், பாத்த இல்ல? மில்லுல இனிமே என்னை வுடவே மாட்டாங்க." மூஞ்சி பூரா சந்தோஷம். வேர்வையத் தொடைக்காம, நான் என்னா சொல்லப் போறேன்னு பாத்துக்கிட்டே நின்னாரு.

"நல்லா இருந்துச்சி."

"அண்ணன் எப்படி இருக்காரு?"

"இருக்காரு."

தலையக் குனிஞ்சிக்கிட்டாரு. "சொன்னத மறக்கல பாஞ்சால. இந்தக் கையி ஓடுற வரைக்கும் ஆடிட்டு வந்துடறேன்."

வேன்லேருந்து கூப்பிட்டாங்க. போயிட்டாரு.

பஸ்ஸுல ஜெயராஜு ஆட்டத்தைப் பத்தியே பேசிக்கிட்டு வந்தான். ஊ.மங்கலம் தாண்டினதும் கேட்டேன்:

"ஏன் ஜெயராஜு, வீசுற கையி எத்தினி வருஷம் வரும்?"

"கையா? அது கெழவனானாலும் வரும்க்கா"ன்னான், பெருமையா.