ஓசி மேளம்

எங்கள் ஊர்த் தலைவர் பதவியை இந்த முறை பெண்களுக்கு என்று ஒதுக்கிவிட்டார்கள். பத்து வருஷமாக அந்த நாற்காலியைச் சூடு ஆறவிடாமல் வைத்திருந்த ஜிலே சிங், அதைத் தன் மருமகள் பேருக்கு மாற்றி எழுதினால் போதும் என்று நினைத்தார். எதிர்த்து நின்றது ஒரே ஒருத்தி, பத்தேரியின் மகள் நீலம். அவள் வேட்புமனு தள்ளுபடியானால் மருமகள் போட்டியின்றி ஜெயிப்பாள்.

மனு பரிசீலனை ஊர்ப் பள்ளிக்கூடத்தில். எதிரே என் விதைக்கடை. நீலத்தின் மனுவை முன்மொழிந்து கையெழுத்துப் போட்டவன் நான். ஜிலே சிங் வீட்டு ஆட்கள் அன்றிலிருந்து டவுனில் விதை வாங்குகிறார்கள். போகட்டும், அவர்கள் விதைக்காத விதையைக்கூட முளைக்கவில்லை என்று திருப்பிக் கொண்டுவரும் ரகம்.

சிக்கல் வயதில் வந்தது; அதை வைத்துத்தான் ஜிலே சிங் ஆட்சேபணை கொடுத்திருந்தார். தலைவராக நிற்க இருபத்தொன்று முடிந்திருக்க வேண்டும். வாக்காளர் பட்டியல் முடிந்தது என்றது. பள்ளிச் சான்றிதழ் இருபதுதான் என்றது. காரணம் ஊருக்கே தெரியும். காலஞ்சென்ற ராம்கிஷன் வாத்தியார் எந்தப் பிள்ளையைச் சேர்த்தாலும் ஒரு வயது குறைத்துத்தான் எழுதுவார். நாளை அரசாங்க வேலைக்குப் போனால் ஒரு வருஷம் கூடச் சம்பளம் வாங்கட்டுமே என்ற நல்லெண்ணம். வேலைக்குப் போனவர்கள் குறைவு. வயது குறைந்தவர்கள்தான் ஊர் முழுக்க.

அன்று காலை ஜிலே சிங் இரண்டு மேளக்காரர்களைக் கூட்டி வந்து பள்ளி வாசலில் நிறுத்தியிருந்தார். உள்ளே முடிவு சொன்னதும் அடிக்க வேண்டும் என்று உத்தரவு. நீலமும் பத்தேரியும் படி ஏறும்போது, அதிகாரி காதில் விழும்படியாகவே சொன்னார்: "வந்துட்டாய்யா ஓசி மேளம்."

அதிகாரி வெளியூர்க்காரர். பெயர் யாதவ். இரண்டு தாளையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். பள்ளிச் சான்றிதழைத் தாண்டி எதையும் ஒப்புக்கொள்வது கஷ்டம் என்றார். வேறு ஆதாரம் உண்டா என்று கேட்டார். பிறந்தது வீட்டில், பதிவு கிடையாது என்றாள் பத்தேரி. ஜிலே சிங் மீசையைத் தடவினார்.

நீலம் அசையவில்லை. "சார், என்னை ஏன் ஓசி மேளம்னு கூப்பிடுறாங்கன்னு ஜிலே சிங் பெரியப்பாகிட்ட கேளுங்க."

யாதவ் கேட்டார். ஜிலே சிங்குக்கு அதைவிடப் பிடித்த கதை உலகத்தில் இல்லை. என் கடையிலேயே நூறு முறை சொல்லியிருப்பார்.

எங்கள் பக்கத்தில் பையன் பிறந்தால்தான் தாய் மஞ்சள் முக்காடு போட்டுக் குடமெடுத்துப் போய்க் கிணற்றைக் கும்பிடுவாள். பெண் பிறந்தால் கிணறும் இல்லை, கடலைச் சுண்டலும் இல்லை. மகன் மோஹித் பிறந்து ஜிலே சிங் வீட்டில் மேளதாளத்தோடு கிணற்றுக்குப் போன அன்று, மோஹித்துக்கு நாலு நாள் முன்பு பெண் பெற்ற பத்தேரியும் மஞ்சள் முக்காட்டோடு வந்து நின்றாள். பத்தேரி என்றால் எங்கள் பேச்சில் 'போதும்' என்று அர்த்தம். நாலாவது பெண்ணாகப் பிறந்ததற்கு அவளுக்கு வைத்த பேர். தன் மகளை அப்படி யாரும் வரவேற்கக் கூடாது என்று கிளம்பியவள். கிழவிகள் வைதார்கள். வரிசையில் நின்று, தன் முறை வந்ததும் தண்ணீர் இறைத்துவிட்டுத்தான் போனாள்.

"என் பையனுக்கு நான் கொட்டின மேளம் சார்," என்று முடித்தார் ஜிலே சிங். "அதுலயே தன் பொண்ணுக்கும் சேர்த்து ஓட்டிட்டா. அன்னையிலேர்ந்து இவ ஓசி மேளம்."

அறையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். யாதவும் சிரித்தார். நீலம் அவர்கள் சிரித்து முடிக்கும்வரை காத்திருந்தாள். சரக்கை எதிராளியே எடை போட்டுச் சொன்ன பிறகு பேசுவது நல்லது என்பது அவளுக்கு யார் சொல்லித்தந்ததோ, நான் இல்லை.

"அப்ப மோஹித்தும் நானும் ஒரே வாரத்துல பிறந்தவங்க. சரிதானே பெரியப்பா?"

"ஆமா. அதுக்கென்ன?"

"போன தை மாசம் மோஹித்துக்குக் கல்யாணம். சாரும் வந்திருந்தீங்க, பக்கத்துப் பந்தியில பார்த்தேன். மாப்பிள்ளைக்கு இருபத்தொண்ணு முடியாம கல்யாணம் பண்ணினா சட்டம் என்ன சொல்லும் சார்?"

யாதவ் பேனாவை மூடினார். சட்டம் என்ன சொல்லும் என்பது அவருக்குத் தெரியும். தான் அந்தப் பந்தியில் இரண்டாம் முறை ஜிலேபி வாங்கியதும் நினைவு வந்திருக்கும்.

"என் பையனுக்கு இருபத்தொண்ணு ஆயிடுச்சு," என்றார் ஜிலே சிங் அவசரமாக. "டவுன் இங்கிலீஷ் ஸ்கூல்ல படிச்சவன். அவன் வயசுல யாரும் கை வைக்கல."

"அப்ப எனக்கும் ஆயிடுச்சு. நாலு நாள் முந்தியே. இல்ல எனக்கு இருபதுதான்னா, போலீஸ் முதல்ல உங்க வீட்டுக்குத்தான் வரணும். எதுன்னு நீங்களே சொல்லுங்க பெரியப்பா. நான் ரெண்டுக்கும் தயார்."

ஜிலே சிங் என்னைப் பார்த்தார். "லாலா, இது உன் வேலையா?" என்றார்.

கதை சொன்னது நீங்கள்தானே, நான் சுண்டல்கூடச் சாப்பிடவில்லை என்றேன்.

பிறகு ஆட்சேபணையை வாபஸ் வாங்குவதாக ஜிலே சிங் எழுதிக் கொடுத்தார். வாக்காளர் பட்டியலில் உள்ள வயதை ஏற்று மனு செல்லும் என்று யாதவ் எழுந்து நின்று அறிவித்தார்.

முடிவு சொன்னதும் அடிக்க வேண்டும் என்பதுதானே உத்தரவு. என்ன முடிவு என்று மேளக்காரர்களிடம் யாரும் பிரித்துச் சொல்லவில்லை. அடித்தார்கள். ஜிலே சிங் வாசலுக்கு ஓடி வந்து நிறுத்தச் சொன்னார். அந்தச் சத்தத்தில் அவர்களுக்கு ஒன்றும் கேட்கவில்லை.

பத்தேரி முக்காட்டைப் பின்னுக்குத் தள்ளிவிட்டு, மகள் கையைப் பிடித்துக்கொண்டு அவர் முன்னால் நின்றாள்.

"இந்த மேளமும் உங்களுதுதானா, அண்ணே? நல்லாத்தான் இருக்கு."

இருவரும் கிணற்றுப் பக்கம் நடந்தார்கள். மேளம் அவர்கள் பின்னாலேயே போனது.