அன்னலட்சுமி மீன் தூள்

அக்குறணை றமீஸாவின் கடையிலிருந்து என் தூள் பாக்கெட்டுகள் ஒரு பெட்டி நிறையத் திரும்பி வந்த அன்று, நான் முதலில் திட்டியது மல்லியை. இப்போது கப்பலில் வருகிற மல்லி மல்லியே இல்லை. மழையில் நனைந்து, காய்ந்து, மறுபடி நனைந்து, மூட்டைக்குள் படுத்துக்கொண்டே வந்து சேருகிற ஏதோ ஒரு விதை. அதை வறுத்து அரைத்தால் தூள் எப்படி உருப்படும்?

றமீஸா ஆளிடம் பெட்டியைக் கொடுத்துவிட்டுப் பேசாமல் இருந்திருக்கலாம். அவள் மரியாதை தெரிந்தவள், போனும் எடுத்தாள்.

“அக்கா, மனசில ஒண்டும் வெக்காதீங்க. எடுத்தவங்க எல்லாம் கறி கசக்குது, கருகின வாடை வருதுண்டு சொல்றாங்க. முந்தி இப்பிடி ஈக்கல்லயே.”

“வெந்தயம் கசக்காம இனிக்குமா றமீஸா?”

“அதுக்கில்லக்கா. நோம்புக்கு முந்தி நல்லதா அரைச்சு அனுப்புங்க. இல்லாட்டி கம்பனித் தூள் எடுப்பமுண்டு வாப்பா சொல்றார்.”

கம்பனித் தூள் என்று கேட்டதும் எனக்கு உச்சியில் ஏறிவிட்டது. ஒரே தூளைக் கோழிக்கும் போடு, கத்தரிக்காய்க்கும் போடு, மீனுக்கும் போடு என்று மினுங்குகிற பாக்கெட்டில் அடைத்து விற்கிற சாமான் அது. அதற்குப் பக்கத்தில் என் பெயரைப் போட்ட பாக்கெட் நிற்க முடியாமல் போவதா? ‘அன்னலட்சுமி மீன் தூள்’ என்று அச்சடித்த கடதாசியை வெகுநேரம் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். இந்த வயதில் எனக்கென்று இருப்பது அந்தக் கடதாசிதான்.

எங்கள் தூளுக்குப் பெரிய சரித்திரம் ஒன்றும் கிடையாது. ‘ராசா காலத்துப் பக்குவம்’ என்று பாக்கெட்டில் போட்டால் நன்றாக விலைபோகும் என்று என் மகன் ஜனார்த்தனன் ஒருநாள் சொன்னான். மாநகரசபையில் கிளார்க், பொய் எழுத அவனுக்குக் கை வரும். கண்டி ராசாவுக்கு நான் மீன் குழம்பு வைக்கவில்லையடா, உங்கப்பாவுக்குத்தான் வைத்தேன் என்று விரட்டிவிட்டேன்.

அவன் அப்பா செல்லப்பா திருகோணமலையிலிருந்து கண்டி மார்க்கெட்டுக்கு மீன் லொறி ஓட்டியவர். அங்கே கரையில் ஒரு வீட்டில் சாப்பிட்ட குழம்பு வாய்க்குப் பிடித்துப்போய், அந்த வீட்டுத் தூளையே ஒரு போத்தலில் வாங்கிவந்து என் முன்னால் வைத்தார். அதே மாதிரி வை என்றார். வைத்தேன். சகிக்கவில்லை. அவருக்குக் கோபம், எனக்கு அழுகை. பிறகுதான் விஷயம் விளங்கியது. அங்கே வலையிலிருந்து நேரே சட்டிக்குப் போகிற மீன். இங்கே வந்து சேருவது ஐஸில் படுத்து, ஹபறணை, தம்புள்ளை, மாத்தளை எல்லாம் பார்த்துவிட்டு வருகிற மீன். கடற்கரைத் தூள் இந்த மீனைத் தாங்காது.

அதனால் மிளகாயைக் குறைத்து, தெல்தோட்டையில் என் அண்ணன் வீட்டுப் பக்கம் மரங்களில் படர்ந்திருக்கிற மிளகைக் கூட்டினேன். குண்டசாலையில் எங்கள் பக்கத்து வீட்டுச் சிங்கள அம்மா, மீன் கறியில் புளிப்புக்குப் போடுகிற கொறுக்காப்புளியைக் காயவைத்து இடித்துச் சேர்க்கச் சொல்லித் தந்தார். கறுவாப்பட்டையும் ஏலமும் றமீஸாவின் வாப்பா கடையிலிருந்து வந்தன. இப்படி ஊர் ஊராகக் கூடித்தான் அந்தத் தூள் தூளானது. பெரிய மீனுக்கு வெங்காயம் வதங்கியபின் போட வேண்டும். சாளைக்கு உப்போடு பிசறி ஊறவைத்துப் பொரிக்க வேண்டும். இறாலுக்கு இறக்குகிற நேரம் தூவினால் போதும். கருவாட்டுக்குப் போடவே கூடாது. பாக்கெட்டின் பின்பக்கம் எல்லாம் போட்டிருக்கிறது. ஆனால் யார் வாசிக்கிறார்கள்? கோழிக்குப் போட்டுவிட்டுப் புளிக்கிறது என்று குறை சொல்லவும் ஆள் இருக்கிறது.

இந்தத் தூளில் உயிர் வெந்தயத்தில்தான். மற்றதெல்லாம் முன்பின் இருந்தாலும் சமாளிக்கலாம். வெந்தயம் வறுபடும்போது பச்சை வாடை போய், ஒரு இனிப்பு வாசம் கிளம்பும். அந்தக் கணத்தில் சட்டியை இறக்க வேண்டும். கொஞ்சம் பிந்தினால் தூள் முழுதும் பாழ். நிறத்தைப் பார்த்து இறக்க முடியாது, வாயில் போட்டுப் பார்க்கவும் நேரமில்லை. மூக்குதான் சொல்ல வேண்டும்.

மல்லியை மாற்றினேன். அடுத்த வறுவலும் கசந்தது. மில்லுக்குப் போய்ச் சண்டை பிடித்தேன். கல்லைச் சூடேறவிட்டுத் தூளைத் தீய்க்கிறீர்கள் என்று நாலு பேர் பார்க்கக் கத்தினேன். மில்காரர் என் தூளை உள்ளங்கையில் போட்டு முகர்ந்தார், என் முகத்தைப் பார்த்தார், பிறகு “வேற மில்லில குடுத்துப் பாருங்கம்மா” என்றார். திமிர் என்று நினைத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

அடுத்தது புது காஸ் அடுப்பு. அதற்கடுத்தது என் மருமகள் சஞ்சீவனி.

அவளைப் பற்றி என்ன சொல்ல? சைவமாகவே வளர்ந்த பிள்ளை. மீன் என்றால் அவளுக்குக் குமட்டும். மீன் போடாத வெறும் தூளை வறுத்தாலும் மீனை நினைத்துக்கொள்வாள் போல. நான் வறுக்க நின்றால் சேலைத் தலைப்பை மூக்கில் வைத்துக்கொண்டு அடுப்படி வாசலில் நிற்பாள். வெந்தயம் போட்டுக் கொஞ்ச நேரம் போவதற்குள் வந்து ஜன்னலைத் திறந்துவிடுவாள். அந்தக் கொளுக்கி ‘டக்’ என்று விழும் சத்தம் கேட்டாலே எனக்கு எரிச்சல்.

“ஜன்னல மூடு சஞ்சீவனி. காத்து அடிச்சா தீ ஆடும். வறுவல் ஒண்ணுபோல வராது.”

“போதும்போல இருக்குங்க அத்தை. எடுத்துருங்களேன்.”

“மீனே திங்காதவ எனக்கு வறுக்கச் சொல்லித் தர்றியா?”

மூடிவிட்டுப் போவாள். நான் வறுத்துக்கொண்டே இருப்பேன்.

தை மாதம் என் வீட்டுக்காரரின் திதி வந்தது. ஐயர் சொன்னபடி சைவமாகத் திதி கொடுத்துவிட்டு, மறுநாள் அவருக்குப் பிடித்ததைச் சமைத்துப் படத்துக்கு முன்னால் படைப்பது எங்கள் வீட்டுப் பழக்கம். பாரை மீன் குழம்புதான் எப்போதும். அந்த வருஷம் படையலுக்கு பஸ்தியாம்பிள்ளையையும் கூப்பிட்டேன். அவரோடு லொறியில் போனவர், இப்போது மார்க்கெட்டில் மீன் கடை வைத்திருக்கிறார். வேதக்காரர் என்றாலும் செல்லப்பாவுக்கென்று கூப்பிட்டால் வருவார். முதன்முதல் அந்தத் தூளில் வைத்த குழம்பை ருசித்தவர்களில் அவரும் ஒருவர். அவர் வாயால் நல்லது என்று வந்தால், அதைச் சொல்லி றமீஸாவின் வாப்பாவிடம் நெஞ்சை நிமிர்த்திப் பேசலாம் என்பது என் கணக்கு.

படையல் சமையலை ருசி பார்க்கக் கூடாது. உப்பைக்கூட நாக்கில் வைக்காமல் கைக்கணக்கில்தான் போட வேண்டும். அவர் சாப்பிடுமுன் நாங்கள் எச்சில் படுத்துவதா? அன்று புதுசாக வறுத்து, கையாலேயே இடித்த தூளைப் போட்டுக் குழம்பை வைத்தேன். கொதி வந்ததும் முகத்தைக் கிட்டே கொண்டுபோனேன். ஐப்பசி மழையில் ஒரு காய்ச்சல் வந்ததிலிருந்து எனக்குக் கொஞ்சம் மூக்கடைப்பு. என்றாலும் குழம்பு எப்படி மணக்கும் என்று எனக்குத் தெரியாதா? மணக்கிறது என்றுதான் நினைத்தேன்.

இலை போட்டு, சோறு, குழம்பு, பொரியல், ஒரு துளி சாராயம் எல்லாம் வைத்தாயிற்று. ஜனார்த்தனன் கற்பூரத்தட்டோடு நின்றான். பஸ்தியாம்பிள்ளை கையைக் கட்டிக்கொண்டு, உட்காரப் போட்ட கதிரைக்குப் பக்கத்தில் நின்றார். நான் படத்தைப் பார்த்தபடி நின்றேன். ஏதோ ஒன்று குறைகிறது. அவருக்கு எது இல்லாவிட்டாலும் சாம்பிராணி இருக்க வேண்டும்.

“சஞ்சீவனி, சாம்பிராணி எங்க? ஒரு நாளைக்காவது சொல்லாம செய்ய மாட்டியா நீ?”

ஜனார்த்தனன் கற்பூரத்தட்டைக் கீழே வைத்தான்.

“உன்னத்தான் கேக்குறேன். சாம்பிராணி போட்டியா இல்லையா?”

சஞ்சீவனி என் முகத்தைப் பார்க்கவில்லை. என் காலடியைப் பார்த்தாள். திரும்பினேன். எனக்குப் பின்னால், சேலை நுனி படுகிற தூரத்தில், தூபக்கால் நிறைய நெருப்பும் சாம்பிராணியும். புகை என் முதுகோடு ஏறி, தோளைச் சுற்றி, படம் மறையுமளவுக்கு அறையெல்லாம் நின்றது. படம் மங்கலாகத் தெரிந்ததை நான் கண்ணீர் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

குனிந்து முகத்தைப் புகைக்குள் வைத்தேன். கண் எரிந்தது. தொண்டை கரகரத்தது. இழுத்து இழுத்து மூச்சு வாங்கினேன். வாசம் என்று ஒன்று வரவேயில்லை. வெறும் சூடான காற்று.

“அம்மா, எழும்புங்க,” என்று ஜனார்த்தனன் தோளைப் பிடித்தான்.

“எவ்வளவு நாளா?” என்று கேட்டேன். யாரைக் கேட்டேன் என்று எனக்கே தெரியவில்லை.

பஸ்தியாம்பிள்ளைதான் வாயைத் திறந்தார். “மார்கழி பொறந்த நேரம் நீங்க கடைக்கு வந்தீங்க அண்ணி. ஐஸ் இல்லாமக் கெடந்த ஒரு சூரையத் தூக்கி, செவுளத் தொறந்து மோந்து பாத்துட்டு, நல்ல மீன்னு சொன்னீங்க. பூனைக்குப் போட எடுத்து வச்சது அது. வெளையாடுறீங்கன்னு நெனச்சேன். பொறகு உங்க முகத்தப் பாத்தேன். மாத்தி வச்சுச் சுத்திக் குடுத்தேன். அதுலேருந்து நான்தான் உங்களுக்கு மீன் பாத்துப் பொறுக்கிக் குடுக்குறேன்.”

“ஏன் சொல்லல?”

“எப்பிடிங்க சொல்றது? உங்ககிட்டப் போயி உங்க மூக்கு இல்லைன்னா?”

அவருக்குத் தெரிந்திருக்கிறது. மில்காரருக்குத் தெரிந்திருக்கிறது. என் வீட்டில் என் மகனுக்கும் தெரிந்திருக்கிறது, அவன் தலையைத் தூக்கவில்லை. மல்லிக்கும் அடுப்புக்கும் மில்லுக்கும் நான் கத்திக்கொண்டு திரிந்தபோது எல்லாரும் இரக்கப்பட்டுக்கொண்டு நின்றிருக்கிறார்கள். எனக்கு வந்த கோபத்துக்கு அந்தத் தூபக்காலைத் தூக்கி வாசலில் எறிந்திருப்பேன். செத்தவர் முன்னால் அது ஆகாது என்று அடக்கிக்கொண்டேன்.

காக்கைக்கு வைத்தோம். அது எதைத்தான் விட்டது, வந்து தின்றது. பிறகு எல்லாரும் உட்கார்ந்தார்கள். பஸ்தியாம்பிள்ளை நெற்றியில் சிலுவை போட்டுக்கொண்டு ஒரு வாய் வைத்தார், தண்ணீர்க் கோப்பையை எடுத்தார். ஜனார்த்தனன் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தான். நானும் வைத்தேன். நாக்கு பொய் சொல்லவில்லை. உப்பு, புளி, உறைப்பு, அதற்கெல்லாம் மேலே கசப்பு. அந்தக் கசப்பைத்தான் அவருக்குப் படைத்திருக்கிறேன். ருசி பார்க்கக் கூடாது என்பதால் பார்க்காமல் வைத்துவிட்டேன்.

இலையில் இருந்ததை நான் முழுதும் தின்று முடித்தேன். அழுகை வந்தது, அதையும் சேர்த்து விழுங்கினேன். யாரும் நல்லாயிருக்கு என்று சொல்லாததற்காக அவர்களுக்கு மனதுக்குள் நன்றி சொன்னேன்.

ஆஸ்பத்திரியில் டாக்டர் டார்ச் அடித்துப் பார்த்தார். காய்ச்சலுக்குப் பிறகு சிலருக்கு இப்படி ஆகும், திரும்பி வரவும் கூடும், வராமலும் போகும் என்றார். அந்த மாதிரிப் பேச்சுக்கு நானே டாக்டராகியிருக்கலாம். கோப்பித் தூளையும் தேசிக்காயையும் தினம் முகர்ந்து பழகச் சொன்னார். பழகினேன். கோப்பித் தூள் மூக்குக்குள் போய்த் தும்மல்தான் வந்தது.

இனிமேல் விட்டுவிடுங்கள் அம்மா என்றான் ஜனார்த்தனன். சட்டியைக் கழுவிக் கவிழ்த்து வைத்தேன். கவிழ்ந்து கிடந்த சட்டியைப் பார்க்கப் பார்க்க வீட்டில் இருக்கப் பிடிக்கவில்லை. றமீஸா இன்னொரு தடவை போன் எடுத்தாள், நான் தூக்கவில்லை. என்னவென்று சொல்வது? சமையல்காரிக்கு மூக்கு செத்துவிட்டது என்றா?

ஒரு காலையில் சஞ்சீவனி, தான் படிப்பிக்கிற பள்ளிக்கூடம் விடுமுறை என்பதால் வீட்டில் இருந்தாள். நான் சட்டியை நிமிர்த்தி அடுப்பில் வைத்தேன். எதற்கு என்று எனக்கே தெரியவில்லை, கை சும்மா இருக்க மாட்டேன் என்றது. மல்லி வறுத்தேன், மிளகு வறுத்தேன், சீரகம் வறுத்தேன். அவற்றைக் கண்ணாலும் காதாலும் சமாளிக்கலாம், மிளகு வெடிக்கும், சீரகம் நிறம் மாறும். கடைசியில் வெந்தயத்தைப் போட்டேன். அகப்பையைச் சுற்றிக்கொண்டே நின்றேன். இருட்டறையில் நிற்கிற மாதிரி இருந்தது. இப்போதா, இன்னும் கொஞ்சமா, போய்விட்டதா? எத்தனையோ வருஷமாகச் செய்த வேலை, எனக்கு இப்போது ஒரு எழவும் தெரியவில்லை.

சஞ்சீவனி வாசலில் வந்து நின்றாள். சேலைத் தலைப்பு மூக்கில். வழக்கம்போல முகத்தைச் சுளித்தாள். வழக்கம்போல என்னைத் தாண்டிப் போனாள்.

கொளுக்கி ‘டக்’ என்று விழுந்தது.

என் கை அகப்பையோடு நின்றுவிட்டது. இத்தனை மாதம் இந்தச் சத்தம் வந்தபிறகுதானே எல்லாம் கருகியது. ஒவ்வொரு தடவையும் இவள் திறந்தாள், எடுத்துவிடுங்கள் என்றாள், நான் மூடச் சொல்லிவிட்டு மேலே வறுத்தேன்.

சட்டியை இறக்கினேன். ஒரு வெந்தயத்தை எடுத்துக் கடித்தேன். கசப்பு இருந்தது, ஆனால் அளவோடு, பின்னால் ஒரு இனிப்பு ஒட்டிக்கொண்டு.

சஞ்சீவனி பயந்துபோய் ஜன்னல் கதவைப் பிடித்தபடி நின்றாள். “மன்னிச்சுக்கங்க அத்தை, நெடி தாங்கல. மூடிர்றேன்.”

அவள் கை கொளுக்கிக்குப் போனது.

“மூடாத,” என்றேன்.