வெள்ளிக்கிழமை சூப்

திரையட்டும். இந்த நிமிடமே பால் திரைந்து, வாயில் வைக்க முடியாமல் போகட்டும். அப்படியே சிங்குக்குள் ஊற்றிவிட்டு ஜன்னல்களைத் திறந்துவிடுகிறேன்.

ரொஷேல் இப்படி நினைத்துக்கொண்டேதான் கரண்டியைச் சுழற்றினாள். பால் திரையவில்லை. மாவு மட்டும் உருண்டை உருண்டையாக மிதந்தது. ஒவ்வொன்றையும் சட்டியின் ஓரத்தில் வைத்து நசுக்கினாள். வீடியோவில் ஒரு வெள்ளைக்காரி சிரித்துச் சிரித்து இருபது நிமிடத்தில் முடித்த சூப் இது. கொழும்பு வெள்ளவத்தையில் ஒன்றேகால் மணி நேரமாகக் கொதிக்கிறது. உருளைக்கிழங்கு கரைந்து காணாமற்போயிற்று. மாட்டிறைச்சி செருப்புத் தோலாக அப்படியே கிடந்தது. குக்கரில் போட்டிருந்தால் எப்போதோ அவிந்திருக்கும். ஆனால் குக்கர் மாமியுடையது, அதில் பருப்பைத் தவிர வேறொன்றும் வேகாது. கொட்டாஞ்சேனையில் அப்பா வீட்டிலிருந்து அவள் கொண்டுவந்து, பால்கனியில் அட்டைப்பெட்டிக்குள் கிடந்த பழைய சட்டிதான் அடுப்பில் இருந்தது.

இறைச்சியை மத்தியானம் லப்டொப் பைக்குள் ஒளித்துக் கொண்டுவந்தவன் அவள் புருஷன் கஜீவன்.

"அம்மா பூசை முடிஞ்சு ஏழரைக்குத்தான் வருவா. கெதியாச் செய்யும்."

"இண்டைக்கு வெள்ளிக்கிழமை, கஜன்."

"அதுதானே அம்மா கோயிலுக்குப் போறா."

அவனுக்கு விளங்கியது அவ்வளவுதான்.

மகன் மாடு சாப்பிடுவது மாமி அன்னபாக்கியத்துக்குத் தெரியாது. கலியாணமான முதல் வருடம் அவனுடைய பையிலிருந்து மாட்டு ரோல்ஸ் பார்சல் ஒன்று அகப்பட்டபோது, "ரொஷேலுக்கு வாங்கினது அம்மா," என்றான். ரொஷேலும் ஓமென்று தலையாட்டினாள். அவள் பிறந்த வீட்டில் ஞாயிறு தவறாமல் சமைக்கிற சாமான், அதில் வெட்கப்பட என்ன இருக்கிறது, சின்னப் பொய்தானே என்று நினைத்தாள். மாமி ஏசவில்லை. அடுத்த நாள் காலையில் ரொஷேலுடைய தண்ணீர்ப் பேணி மட்டும் மேசையின் மற்றக் கரைக்குத் தள்ளி வைக்கப்பட்டிருந்தது. பிறகு சொசேஜ் டின், பிறகு இன்னொரு பார்சல். ஒவ்வொன்றும் அவள் பெயரில்தான் வீட்டுக்குள் வந்தது. பேணி நாலு வருடம் அந்தக் கரையிலேயே இருந்தது.

இந்த வருடம் விபூதிப் புதன் அன்று மாதா கோயிலால் வந்த ரொஷேலுக்குக் கதவைத் திறந்த மாமி, அவளுடைய நெற்றியில் இருந்த சாம்பலைப் பார்த்து வாய்விட்டுச் சிரித்தார்.

"என்ன பிள்ளை, நீரும் திருநீறு பூசிக்கொண்டு வாறீர்!"

தவக்காலம் நாற்பது நாள், வெள்ளியில் இறைச்சி தொடுவதில்லை என்று ரொஷேல் சொன்னாள்.

"எங்களுக்கும் வெள்ளியில மச்சம் மாமிசம் இல்லைத்தானே. அப்ப நீரும் நானும் ஒரு கட்சி."

அதற்குப் பிறகு நாலு வெள்ளி போயிற்று. நாலிலும் மாமியே இருவருக்கும் மரக்கறி சமைத்துவிட்டுக் கோயிலுக்குப் போனார். திரும்பி வந்ததும் எதிரெதிரே இருந்து சாப்பிட்டார்கள். இரண்டாம் வெள்ளியன்று பேணி தானாக இந்தக் கரைக்கு வந்துவிட்டது. இன்றும் மேசையில் பூசணிக்காய்க் கறியும் கீரையும் சோறுமாக, மாமிக்கொன்றும் அவளுக்கொன்றுமாய் இரண்டு பீங்கான் தட்டுகள் மூடியிருந்தன. இந்தச் சட்டியின் மணம் அவற்றிலும் ஏறியிருக்கும் என்று நினைக்க அவளுக்கு எரிச்சலாக வந்தது. ஜன்னலைத் திறந்தால் கடற்காற்று மணத்தை வெளியே கொண்டுபோகாமல் திருப்பி வீட்டுக்குள்ளேயே தள்ளியது.

ஆறரைக்குக் கதவில் சாவி திரும்பியது.

கஜீவன் ஹோலிலிருந்து பாய்ந்து வந்தான். "உமக்கெண்டு சொல்லும். வழமைபோல. உம்மை ஒண்டும் சொல்லமாட்டா."

"இண்டைக்கு ஏலாது."

"ஏன்? இண்டைக்கு என்ன?"

உண்மையாகவே தெரியாமல்தான் கேட்டான். நாலு வெள்ளியாகத் தன் வீட்டு மேசையில் நடப்பதை அவன் பார்த்ததேயில்லை. அதுதான் அவளுக்கு, அந்த இறைச்சியை விட, விழுங்க முடியாமல் இருந்தது.

"முழங்கால் நோ தாங்கேலாமல் பாதியில வந்திட்டன்," என்றபடி அன்னபாக்கியம் குசினி வாசலில் நின்றார். கையில் பிரசாத இலை. மூக்கு சுருங்கியது. சட்டியைப் பார்த்தார், மூடிய இரண்டு பீங்கான்களைப் பார்த்தார்.

"ஆருக்கு இது, பிள்ளை?"

மகனிடம் கேட்கவில்லை. அவளிடம்தான் கேட்டார். தாயின் முதுகுக்குப் பின்னால் கஜீவன் கண்ணாலேயே கெஞ்சினான்: சொல்லும், சொல்லும்.

ரொஷேல் காஸை நிற்பாட்டினாள். ஒரே ஒரு கோப்பையை எடுத்துச் சூப்பை ஊற்றினாள். உருண்டை மாவும் விழுந்தது. விழட்டும் என்று விட்டாள். அதைக் கொண்டுபோய்க் கஜீவன் வழமையாக இருக்கும் கதிரைக்கு முன்னால் வைத்து, பக்கத்தில் ஒரு கரண்டியும் வைத்தாள்.

"ரொஷேல், அம்மா கேக்கிறாவெல்லே. சொல்லுமன்," என்றான் கஜீவன்.

அவள் தன் பீங்கானின் மூடியை எடுத்துவிட்டு உட்கார்ந்தாள்.

"நான் சொல்லமாட்டன்," என்றாள். "நீங்கள் சொல்லுங்கோ."