அஸ்திக்கிணற்றில் கூப்பிட்ட பெயர்

நாற்பத்தொன்றாம் நம்பர் குழியை வியாழக்கிழமை திறக்கிறோம், வந்து நில்லுங்கள் என்று சபை ஆபீஸிலிருந்து போன் வந்தது. கிழக்கேகோட்டைக் கடையில் சேலை மடித்துக்கொண்டிருந்தேன். லீவு கேட்டதும் முதலாளி முகத்தைச் சுளித்தார். என் பிள்ளையின் எலும்பை எடுக்கப் போகிறேன் என்றேன். அவரே என் கையிலிருந்த சேலையை வாங்கி வைத்தார்.

எங்கள் கல்லறைத்தோட்டம் நூறு வருஷத்துக்கும் மேல் பழையது. இடமோ உள்ளங்கை அகலம். வசதியுள்ளவர்களுக்குக் குடும்பக் கல்லறை உண்டு. மற்றவர்களுக்குப் பொதுவரிசையில் பதினாலு வருஷம். அது முடிந்தால் குழியைத் திறந்து, எலும்பைக் கழுவி, வெள்ளைத்துணியில் கட்டி, மூலையில் இருக்கும் அஸ்திக்கிணற்றில் இறக்கிவிடுவோம். அப்போது சொந்தக்காரர் கிணற்றுக்குள் குனிந்து, இறந்தவர் பெயரை மூன்று தடவை கூப்பிட வேண்டும். கடைசிநாளில் எக்காளம் ஊதும்போது, அத்தனை எலும்புக்கு நடுவே அந்தப் பெயரை வைத்துத்தான் ஒவ்வொருவரும் எழும்பி வருவார்கள் என்பது எங்கள் ஆட்களின் நம்பிக்கை. பாஸ்டருக்கு இதில் இஷ்டமில்லை, ஆனாலும் தடுக்கமாட்டார்.

என் மகள் சிஜிக்கு அப்போது ஐந்து வயது. எலிக்காய்ச்சல். அவளை அடக்கம் செய்த அன்று நானும் அதே காய்ச்சலில் நினைவில்லாமல் ஆஸ்பத்திரியில் கிடந்தேன். அடக்கத்துக்கு நின்ற அவள் அப்பா பிறகு கல்லறைப் பக்கமே எட்டிப்பார்க்கவில்லை. இப்போது துபாயில் வேறு குடும்பமாக இருக்கிறார், நன்றாக இருக்கட்டும். எனக்குத் தெரிந்ததெல்லாம் ரெஜிஸ்டரில் இருந்த நம்பர்தான். வருஷாவருஷம் கல்லறைத் திருநாளன்று நாற்பத்தொன்றாம் கல்லில் மெழுகுவர்த்தி கொளுத்தி, கடைக்கு வந்த புதுப் பாவாடைத் துணியைப் பற்றியெல்லாம் அவளிடம் பேசிவிட்டு வருவேன்.

வியாழன் காலையில் மழை விட்டிருந்தது. குழிவெட்டும் சஜி இடுப்பளவு ஆழத்துக்கு இறங்கியதும் மண்வெட்டியைப் போட்டுவிட்டுக் கையால் துழாவினான். ஓர் எலும்பை எடுத்துக் கரையில் வைத்தான். தொடை எலும்பு. என் முழங்கையிலிருந்து விரல்நுனி வரை நீளம் இருந்தது.

"சேச்சி, இது குட்டியோடது இல்ல, பெரிய ஆளோடது, கேட்டோ," என்றான்.

"உனக்குக் கண்ணு தெரியல்லியா? வேற குழியத் தோண்டிப்போட்டு என்கிட்ட நியாயம் பேசுறியா?"

அவன் ஆபீஸுக்குப் போய்ப் பழைய ரெஜிஸ்டரைத் தூக்கி வந்தான். வெகுநேரம் விரல்வைத்துப் பார்த்தான். "குட்டிய அடக்கி அடுத்த மாசமே ரோட்ட அகலமாக்கியிருக்கு, சேச்சி. கிழக்க இருந்த கேட்ட இடிச்சு மேற்க வச்சாங்க. நம்பர் கல்லயெல்லாம் பறிச்சு ஒதுக்கி, மண்ண நெரப்பாக்கி, பின்ன புது கேட்டுல இருந்து எண்ணி நட்டாச்சு. ரெஜிஸ்டர் பழைய கேட்டுல இருந்து எண்ணினது. அறுபது குழி வரிசை. அப்போ உங்க மோளு கிடந்தது இப்பத்த இருபதாம் கல்லுல."

"அப்படின்னா அதத் தோண்டு."

"அத ஆறு வருஷம் முன்ன திறந்தாச்சு. தங்கையன்னு எழுதியிருக்கு. அவரோட பொண்டாட்டி செல்லபாய் நின்னு வாங்கியிருக்காங்க. பழைய கணக்குல அவருக்கு இருபது, அது இப்போ நாற்பத்தொண்ணு. இந்த எலும்பு அந்தத் தங்கையனோடதாக்கும்."

எவளோ ஒருத்தி என் மகளைத் தன் புருஷன் என்று அள்ளிக் கிணற்றில் போட்டிருக்கிறாள். அவளைக் கூட்டி வா என்று கத்தினேன்.

செல்லபாய் மதிலுக்குப் பின்னால்தான் குடியிருந்தாள். அரைமணி நேரத்தில் வந்தாள். வயதில் மிகவும் மூத்தவள், இருந்தும் என் வாயில் மரியாதை வரவில்லை.

"எலும்பப் பார்த்தப்பவே தெரியல்லியா, அது பிள்ளைன்னு?"

"தெரிஞ்சுது மோளே. பல்லு அரிசி போல இருந்துது." அவள் ஈரமண்ணில் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். "மக்க ரெண்டுபேரும் லீவெடுத்து வந்து நிக்கானுவ. பாஸ்டர் நிக்காரு. இது அவரில்லன்னு சொன்னா, அப்போ அவரு எங்கன்னு கேப்பாங்க. நான் எங்க போய்த் தேட? பேடிச்சு வாய மூடிட்டேன். நல்லா கழுவித்தான் கட்டினேன், சத்தியம்."

"என்ன பேரு கூப்பிட்ட?"

"அவரு பேருதான். உசிரோட இருந்தப்போ ஒருநாளும் நான் சொல்லாத பேரு. தங்கையான்னு மூணு வாட்டி கூப்பிட்டேன்." குரலைத் தாழ்த்தினாள். "அதுக்குப் பொறவு, பகல்ல ஜெபத்துல அவரு பேரச் சொன்னாக்கூட அடுக்களையில இருந்து ஒரு கொச்சுப் பிள்ளைக் குரல் 'என்னா'ன்னு கேக்கும். போய்ப் பார்த்தா யாரும் இல்ல. இப்போ அந்தப் பேர நான் எடுக்கதே இல்ல."

சஜி சிலுவை போட்டுக்கொண்டான். எனக்குப் பயம் வரவில்லை. பொறாமைதான் வந்தது. பதினாலு வருஷம் மெழுகுவர்த்தி கொளுத்திய என்னிடம் ஒரு வார்த்தை பேசாதவள், யாரோ ஒருத்தியின் அடுக்களையில் நின்று 'என்னா' என்று கேட்டிருக்கிறாள்.

செல்லபாய் தன் புருஷனின் எலும்பைக் கழுவிக் கட்டினாள். கிணற்றங்கரைக்குப் போனதும் அவளைத் தள்ளிவிட்டு நான் முன்னால் நின்றேன். கல்விளிம்பில் பாசி வழுக்கியது. குனிந்தேன்.

"சிஜி."

என் குரல்தான் திரும்பி வந்தது. இரண்டாவது தடவையும் கூப்பிட்டேன். மூன்றாவது தடவை, "சிஜி, அம்மா வந்திருக்கேன் மக்கா," என்றேன். உள்ளே எங்கோ தண்ணீர் சொட்டியது. என் பிள்ளைக்கு நான் வைத்த பெயர் அவளுக்கே தெரியாமல் போயிருந்தது.

நான் அடுத்து என்ன செய்யப் போகிறேன் என்று செல்லபாய்க்குப் புரிந்துவிட்டது. துணிக்கட்டை மார்போடு அணைத்தபடி மறுகையால் என் சேலையைப் பிடித்து இழுத்தாள். "வேண்டா மோளே. அந்தப் பேரையும் நீ எடுத்துக்கிட்டா, இவர நான் என்ன பேரச் சொல்லி இறக்க?"

அவள் கேட்டது நியாயம்தான். ஆனாலும் அவள் கையை உதறிவிட்டேன்.

"தங்கையா," என்று கூப்பிட்டேன்.

"என்னாம்மா?" என்று கேட்டாள் என் மகள்.